மூன்றாவது மாடியில் ஒரு பச்சைத் துணி

கட்டடங்களைப் படமெடுப்பது என் பிழைப்பு. கதை கிடையாது, பாட்டு கிடையாது. ஒரு பழைய பேருந்து நிலையத்தையோ நூலகத்தையோ கேமரா பேசாமல் பார்த்துக்கொண்டே இருக்கும். கண்காட்சி அரங்குகளில் ஓடும் படங்கள் இவை. பாதிப் பேர் நின்று பார்ப்பார்கள், மீதிப் பேர் ஏசிக்காக உட்கார்ந்திருப்பார்கள். "சுவத்தைப் பாக்க இவ்வளவு செலவா?" என்று என் அண்ணன் இன்றைக்கும் கேட்கிறான். போன மழைக்காலம் ஓய்ந்த கையோடு, அப்படியொரு சுவரைப் பார்க்கத்தான் அந்தமானுக்குப் போனேன்.

போர்ட் பிளேயரில் ஃபீனிக்ஸ் பே துறைமுகத்துக்கு மேலே, மேட்டில், கப்பல் ஊழியர்களுக்காகக் கட்டிய குடியிருப்பு அது. ஒரு பழைய கட்டடக்கலை இதழில் அதன் வரைபடத்தைப் பார்த்திருந்தேன். கடலில் நின்று பார்க்கிற கோணத்தில் வரைந்திருந்தார்கள். நாலு மாடி. ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரே அளவு பால்கனி. பால்கனியை மறைத்துச் சிமெண்டு ஜாலி, அதாவது காற்று வர ஓட்டை ஓட்டையாக வார்த்த கல். தேவையில்லாத ஒரு கோடு கிடையாது. என்ஜின் அறையில் கரி பூசிக்கொள்கிறவருக்கும் அலுவலகத்தில் கோப்பு புரட்டுகிறவருக்கும் ஒரே ஜன்னல். எல்லாருக்கும் ஒரே மாதிரி வீடு கொடுத்துவிட்டால் எல்லாரும் ஒரே மாதிரி ஆகிவிடுவார்கள் என்று நம்பிய காலத்தின் கட்டடங்களை எனக்கு ரொம்பப் பிடிக்கும். அதனாலேயே, அவற்றின் மேல் யாராவது ஒரு ஃபிளெக்ஸைக் கொண்டுவந்து மாட்டினால் பொல்லாத கோபம் வரும்.

அதை இடிக்கப்போகிறார்கள் என்று தெரிந்ததும் கிளம்பிவிட்டேன்.

விமான நிலையத்தை ஒட்டிய பத்துபஸ்தியில் ஒரு வீட்டு மாடியில் அறை. விமானம் இறங்கும்போதெல்லாம் ஜன்னல் கண்ணாடி கிடுகிடுக்கும், வீட்டுக்காரர்கள் பேச்சை நிறுத்திவிட்டு, அது போனபின் விட்ட இடத்திலிருந்து தொடர்வார்கள். முதல் நாள் காலை துறைமுகத்துக்குப் போன ஆட்டோ பாதி ஏற்றத்தில் நின்றுவிட்டது. ஓட்டுநர் வங்காளி. இந்தியில் ஆட்டோவைத் திட்டினார், தெலுங்கில் யாருக்கோ போன் செய்தார், என்னிடம் திரும்பி "எறங்கி தள்ளுங்கோ மேடம்" என்று தமிழில் சொன்னார். தள்ளினேன். சென்னையில் இப்படிச் சொல்லியிருந்தால் சண்டைக்குப் போயிருப்பேன்.

கட்டடம் நான் பயந்ததைவிட மோசமாக இருந்தது. கடல் மணலைக் கலந்து கட்டியதால் உள்ளே கம்பி துருவேறி உப்பிப் போய், சிமெண்டு பாளம் பாளமாகப் பெயர்ந்து கிடந்தது. தட்டையான மொட்டை மாடிதான் வரைபடத்தின் அழகு. மழைக்குப் பயந்து அதன் மேல் தகரக் கூரை போட்டுவிட்டார்கள். பெரும்பாலான குடும்பங்கள் ஊருக்கு உள்ளே கட்டிய புதுக் குடியிருப்புக்குப் போய்விட்டன. அங்கிருந்து கடல் தெரியாதாம். இங்கே மிச்சமிருந்தவை சில வீடுகள்தான்.

ஆனாலும் கடல் பக்கத்துச் சுவர் அப்படியே இருந்தது. வரிசை வரிசையாகச் சதுரங்கள். கேமராவை நிறுத்தி, கண்ணை வைத்துப் பார்த்தால், மூன்றாவது மாடியில் ஒரு பச்சைத் துணி. ஜாலி ஓட்டைகளில் நுழைத்துக் கட்டிய பழைய சேலைத் துண்டு, காற்றில் படபடவென்று அடித்துக்கொண்டிருந்தது. மொத்தச் சுவரிலும் கண் அங்கே மட்டும்தான் போனது. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

படம் பிடித்துக்கொண்டிருக்கும்போதே ஓட்டைகளுக்குப் பின்னாலிருந்து ஒரு கை நீண்டு, துணியின் முடிச்சை இழுத்து இறுக்கிவிட்டு உள்ளே போனது. அந்த ஷாட்டுக்கு 'வீண்' என்று பெயர் கொடுத்துவிட்டு மாடி ஏறினேன்.

கதவைத் திறந்தவர் சரஸ்வதி அம்மா. அறுபதை ஒட்டிய வயது. கத்தரிப்பூ நிறச் சேலை, வாய் நிறைய வெற்றிலை. பிறந்தது இலங்கை மலையகத்துத் தேயிலைத் தோட்டத்தில். சிறு பிள்ளையாகக் கப்பலேறி வந்து, கச்சால் தீவில் ரப்பர் பால் வெட்டி, சுனாமியில் புருஷனைக் கடலுக்குக் கொடுத்துவிட்டு, மகனோடு போர்ட் பிளேயருக்கு வந்தவர். இதையெல்லாம் டீ கொதிப்பதற்குள் சொல்லி முடித்துவிட்டார். மகன் செல்வத்துக்குத் தீவுகளுக்கு இடையே ஓடும் கப்பலில் வேலை. மருமகள் ராஜி கீழே டிக்கெட் கவுண்டரில் இருக்கிறாள்.

"இடிக்கிறதுக்கு முன்னால படம் எடுக்க வந்தேம்மா" என்றேன்.

"நல்லா இருந்தப்ப ஒருத்தனும் எட்டிப் பாக்கல. சாவக் கெடக்கிறப்ப எல்லாரும் பாக்க வாராங்க. மனுசனுக்கும் அதுதான், கட்டடத்துக்கும் அதுதான்."

துணியைக் கொஞ்ச நேரம் அவிழ்க்க முடியுமா என்று பக்குவமாகத்தான் கேட்டேன். அவர் டீ கிளாஸைக் கீழே வைத்தார்.

"ஏன் புள்ள, எல்லா வூட்டையும் ஒண்ணு மாதிரி கட்டி வச்சிட்டானுங்க. கப்பல்ல வர்றவனுக்குத் தன் வூடு எதுன்னு எப்பிடித் தெரியும்? அதான் ஆளுக்கு ஒரு கலரு. எங்களுக்குப் பச்சை. மேல் மாடி மலையாளத்தாளுக்கு மஞ்சள் இருந்திச்சி, அவங்க போயிட்டாங்க. ஆம்பள கப்பல் ஏறுனதும் கட்டணும். திரும்பி வந்து வூட்டுக்குள்ள கால் வச்சதும் அவுக்கணும். கப்பல் திரும்புறப்ப துணி தொங்குனா வூட்ல சப் டீக், எல்லாரும் நல்லாருக்காங்கன்னு அர்த்தம். துணி இல்லன்னா…" உள்ளங்கையை விரித்துக் காட்டினார்.

"இப்பதான் போன் இருக்கே?"

"போனா!" என்று சிரித்தார். "கப்பல்ல இருக்கிறவனுக்கு இந்தக் குவார்ட்டர்ஸ்ல ஒருத்தியும் போன்ல கெட்ட சேதி சொல்லமாட்டா. நடுக்கடல்ல அத வச்சிக்கிட்டு அவன் என்னா செய்வான்? கயிறு புடிக்கிற வேலை. நெனப்பு எங்கயோ போயி கை நழுவிச்சின்னா? நல்லாருக்கோம், நல்லாருக்கோம்னுதான் சொல்லுவோம். போன்ல சொல்றது எல்லாம் ஜூட்டு. துணி மட்டும்தான் ஜூட்டு சொல்லாது."

பொய்யை அங்கே தமிழிலும் ஜூட்டு என்றுதான் சொல்கிறார்கள்.

"ஒரு அஞ்சு நிமிஷம் போதும்மா" என்று மறுபடி இழுத்தேன்.

"எம்மவன் கடல்ல இருக்கிறப்ப, நான் இருக்கிற மட்டும் அத அவுக்க மாட்டேன். நீ சொன்னாலும் சரி, கவர்மெண்டு சொன்னாலும் சரி. இந்தா, ரொட்டி சாப்புடு." தேங்காய் போட்டுத் தட்டிய தடித்த ரொட்டியும் உறைப்பான சம்பலும் வந்தன. கண்ணில் நீர் வரச் சாப்பிட்டேன். கோபம் எங்கே போனதென்று தெரியவில்லை.

மறுநாள் செல்வம் வந்தார். துணி இறங்கியது. எனக்கோ ஒரே குதூகலம். ஆனால் விடியலில் பிடித்த மழை இருட்டும்வரை விடவில்லை. கேமராவுக்கு முன்னால் வெள்ளைத் திரைதான் தொங்கியது. அதற்கு அடுத்த நாள் காலையே அவர் கப்பல் தெற்குக் கோடித் தீவிலிருக்கும் கேம்பல் பேக்குப் புறப்பட, நானும் அதில் ஏறினேன். சுனாமிக்குப் பின் அங்கே கட்டிய தூண் வீடுகளையும் எடுக்கவேண்டியிருந்தது. அதோடு, வரைபடத்தில் இருந்த கோணம் கடலிலிருந்துதானே கிடைக்கும்.

கப்பல் வளைகுடாவை விட்டு வெளியே திரும்பும்போது மேல்தளத்துக்கு ஓடினேன். கேமராவுக்கு அனுமதி உண்டு, ஆனால் கடற்படைப் பக்கம் திருப்பக்கூடாது என்று ஓர் அதிகாரி கூடவே நின்றார். குடியிருப்பு, வரைந்து வைத்தது போல முழுசாகத் தெரிந்தது. மூன்றாவது மாடியில் அதற்குள் பச்சை ஏறிவிட்டது. கீழே கயிற்றைச் சுருட்டிக்கொண்டிருந்த செல்வம் நிமிர்ந்து பார்த்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"அம்மா சொல்லிச்சு அக்கா. நீங்க துணிய எடுக்கச் சொல்லி சண்டை போட்டீங்களாமே?"

"சண்டை போட்டது உங்கம்மா."

சத்தமாகச் சிரித்தார். முப்பத்தைந்து வயதிருக்கும். ஒல்லி. உள்ளங்கை மட்டும் மரப்பட்டை போல இருக்கும்.

கப்பல் பயணத்தைப் பற்றிப் பெருமையாகச் சொல்ல ஒன்றுமில்லை. கீழ்த்தளத்தில் டீசலும் வாந்தியும் கலந்த நாற்றம். காண்டீனில் மூன்று வேளையும் பருப்பு, இடையில் முட்டைக் குழம்பு. என் பக்கத்துப் படுக்கையில் ராணுவத்தில் ஓய்வுபெற்ற ஒரு சீக்கியரின் மனைவி, மடியில் ஒரு கோழிக் கூடையோடு வந்தார். தான் பிறந்தது கேம்பல் பேயில் என்றும், பஞ்சாபை ஒரே ஒரு முறை பார்த்திருப்பதாகவும், அங்கே கடல் இல்லாததால் மூச்சு முட்டியது என்றும் இந்தியில் சொன்னார். அலை அதிகமாகி ஒரு துறைக்கு வெளியே கப்பல் வெகுநேரம் ஆடிக்கொண்டே நின்றது. செல்வம் கொண்டுவந்து கொடுத்த புளிப்பு மிட்டாய்தான் என்னைக் காப்பாற்றியது.

கேம்பல் பேயில் நான் தேடிப்போன வீடுகள், தூண்களின் மேல் வரிசையாக நின்றன. எல்லாம் ஒரே அச்சு. ஆனால் அச்சு மாறாத ஒரு வீட்டைக்கூட நான் பார்க்கவில்லை. ஒருவர் தூண்களுக்கு இடையே தகரம் அடித்துக் கடை வைத்திருந்தார். ஒருவர் படிக்கட்டைப் பெயர்த்து வேறு திசைக்கு மாற்றியிருந்தார். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து குடியேறிய ஒரு வீட்டில் வாசலை அடைத்து, கிழக்கே புது வாசல் உடைத்திருந்தார்கள். எங்கள் ஊர் வீட்டுவசதி வாரியக் குடியிருப்பிலும் இதே கதைதான். அங்கே பார்த்தால் எரிச்சல் வரும். இங்கே கேமராவை வைத்துக்கொண்டு, யார் எதை ஏன் மாற்றினார்கள் என்று கேட்டுக்கொண்டே திரிந்தேன். சரஸ்வதி அம்மாவின் வாய் என்னைக் கெடுத்துவிட்டது என்று நினைத்துக்கொண்டேன்.

திரும்பும் வழியில் கப்பல் கமோர்ட்டா தீவில் நின்றது. ஜெட்டியில், அதாவது கப்பல் அணையும் துறைமேடையில், போனுக்கு சிக்னல் கிடைக்கும் ஓர் இடத்தில் ஊழியர்கள் எல்லாரும் கூட்டமாக நின்று பேசிக்கொண்டிருந்தார்கள். இளநீர் வாங்கப் போன எனக்குச் செல்வம் பேசுவது கேட்டது.

"அம்மா எங்க? … கோயிலுக்கா? இந்த வெயில்லயா? … சரி சரி. கால் வலின்னு சொல்லிச்சே, தைலம் தேச்சி மாலிஷ் போட்டியா? … சாப்புட்டேன். நீ சாப்புட்டியா? குரல் ஏன் ஒரு மாதிரி இருக்கு? … ஜுரமா? மருந்து குடி."

வைத்துவிட்டு என்னிடம் வந்தார். "எல்லாம் நல்லாருக்காங்க. ரொட்டி சுட்டு வைக்கிறதா அம்மா சொல்லிச்சாம் ஒங்களுக்கு" என்றார்.

போர்ட் பிளேயர் நெருங்கிய காலை, வானம் கழுவிவிட்டது போல இருந்தது. மழைக்குப் பின் வரும் அந்த வெளிச்சம் வருஷத்தில் சில நாள்தான் கிடைக்கும். அதிகாரியிடம் சொல்லிவிட்டு, முன்தளத்துக்கு மேலே கேமராவை நிறுத்தினேன். எனக்கு நேர் கீழே, கயிறு வீசும் இடத்தில் செல்வம் தயாராக நின்றிருந்தார். கப்பல் மெதுவாக ஃபீனிக்ஸ் பேக்குள் திரும்பியது. கேமராவை ஓடவிட்டேன்.

குடியிருப்பு, ஒளியில் குளித்துக்கொண்டு மேட்டில் எழுந்தது. சதுரம், சதுரம், சதுரம். எந்த இடத்திலும் கண் தடுக்கவில்லை. இத்தனை நாள் நான் கேட்ட சட்டகம் அதுதான். ஒரு நொடி எனக்குச் சந்தோஷம் பொங்கியது. அதை மறைத்து எழுதுவதில் அர்த்தமில்லை, சந்தோஷம்தான்.

அப்புறம் கீழே பார்த்தேன்.

செல்வம் கயிற்றைப் பிடித்தபடி கட்டடத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். வாய் லேசாகத் திறந்திருந்தது. பக்கத்தில் நின்ற தெலுங்குக்காரர் ஏதோ சொன்னார், அவருக்குக் கேட்கவில்லை. பிறகு கழுத்தைத் திருப்பி மேலே என்னைப் பார்த்தார்.

"அக்கா, நீங்க அம்மாகிட்ட கேட்டிருந்தீங்கல்ல? படத்துக்குத் துணிய எடுக்கச் சொல்லி?"

"கேட்டேன்."

"அதான் எடுத்திருச்சு போல. நீங்க இந்தக் கப்பல்ல வர்றது தெரியும்ல அதுக்கு. நல்லா படம் வரட்டும்னு எடுத்திருக்கும். இல்லக்கா?"

அவர் முகத்தில் இருந்த கெஞ்சலை என்னால் தாங்க முடியவில்லை. ஆமாம் என்று ஒரு வார்த்தை சொன்னால், கப்பல் கரை தொடும்வரையாவது அவருக்கு நிம்மதி. போனில் ராஜி கொடுத்ததும் அதைத்தானே. நான் வாயைத் திறந்தேன். 'நான் இருக்கிற மட்டும் அத அவுக்க மாட்டேன்' என்று சரஸ்வதி அம்மா சொன்னது காதில் கணீரென்று கேட்டது. அந்தத் துணி ஒன்றுதான் பொய் சொல்லாது என்றும் அவர்தான் சொன்னார். அதையும் நான் பொய்யாக்குவதா?

"அம்மா மாட்டேன்னுட்டாங்க செல்வம்" என்றேன். 'நான் இருக்கிற மட்டும்' என்று அவர் சேர்த்துச் சொன்னதை நான் சொல்லவில்லை.

அவர் தலையை ஆட்டினார். ரெண்டு முறை ஆட்டினார். திரும்பி ஜெட்டியைப் பார்த்து, காலை ஊன்றி, கயிற்றை வீசினார். கரையில் இருந்தவன் கையில் சரியாகப் போய் விழுந்தது. அடுத்த கயிறு, அதற்கடுத்தது. எல்லாம் கட்டி முடியும்வரை அவர் மறுபடி கட்டடத்தைப் பார்க்கவில்லை.

ராஜி ஜெட்டியில் நின்றிருந்தாள். சுற்றிலும் துறைமுகத்து ஆட்கள். செல்வம் படி இறங்கி வந்தார். "எப்ப?" என்று மட்டும் கேட்டார். அவள் அவர் நெஞ்சில் முட்டிக்கொண்டு கதறினாள்.

சரஸ்வதி அம்மா பால்கனியில் உட்கார்ந்து வெற்றிலை மடித்துக்கொண்டே சாய்ந்தவர் எழுந்திருக்கவில்லை. செல்வம் கமோர்ட்டாவிலிருந்து பேசியபோது உடல் ஆஸ்பத்திரியில் ஐஸ் பெட்டியில் இருந்தது. ராஜி அதற்குப் பக்கத்தில் நின்றுகொண்டுதான் கோயில், ரொட்டி என்று பேசியிருக்கிறாள்.

அன்று சாயங்காலம், எல்லாம் முடிந்து சுடுகாட்டிலிருந்து ஆண்கள் திரும்பியபின், ராஜி என் கையைப் பிடித்துக்கொண்டாள். "துணிய அவுக்கிறப்ப ஒங்க நெனப்புதான் வந்திச்சி அக்கா. படத்துக்காக அவுத்தேன்னு நெனச்சிருவாரோன்னு பயந்துட்டேன். சந்தோஷமா எறங்கி வந்து நின்னாருன்னா நான் என்னா பண்ணுவேன்?" என்றாள். நானும் அழுதேன். இரண்டு நாள் பழக்கத்துக்கு இவ்வளவு அழுகையா என்று நீங்கள் கேட்கலாம். வந்தது, அழுதேன்.

விமானத்தை விட்டுவிட்டேன். காரியம் முடியும்வரை பத்துபஸ்தியில் இருந்து தினமும் போய்வந்தேன். பாத்திரம் கழுவினேன், வந்தவர்களுக்கு டீ கொடுத்தேன். கேமராவை எடுக்கவில்லை.

கடைசி நாள் செல்வமே கேட்டார். "அன்னைக்குக் கப்பல்லேர்ந்து எடுத்தீங்களே, அதப் பாக்கலாமா?"

தயங்கித்தான் கேமராவைக் கொடுத்தேன். சின்னத் திரையில் அந்தக் குறையில்லாத சுவர் ஓடியது. முடியும்வரை பார்த்தார். அப்புறம்தான் எனக்கு அது நினைவுக்கு வந்தது. முதல் நாள் எடுத்து 'வீண்' என்று பெயர் வைத்த ஷாட்டைத் தேடி ஓடவிட்டேன்.

பச்சைத் துணி காற்றில் அடித்தது. ஓட்டைக்குள்ளிருந்து கை நீண்டது. தேய்ந்த ஒற்றை வளையல், வெற்றிலைச் சுண்ணாம்பு ஒட்டிய ஆள்காட்டி விரல். முடிச்சை இழுத்துப் பார்த்தது, பத்தாது என்று இன்னொரு இழுப்பு இழுத்தது, உள்ளே போனது.

"திருப்பிப் போடுங்க" என்றார் செல்வம். போட்டேன். "இன்னொரு தடவ" என்றார். ராஜியும் வந்து பின்னால் நின்றுகொண்டாள். எத்தனை முறை போட்டேன் என்று தெரியாது. முகம் தெரியாத அந்தக் கையை மூன்று பேரும் பார்த்துக்கொண்டே இருந்தோம். இத்தனை வருஷத்தில் என் படத்தை யாரும் அப்படிப் பார்த்ததில்லை.

சென்னைக்கு நான் கப்பலில்தான் திரும்பினேன். செல்வம் அலுவலகத்தில் லீவு சொல்லிவிட்டு வீட்டில் இருந்தார். ராஜி கட்டிக்கொடுத்த தேங்காய் ரொட்டிப் பொட்டலம் பையில் சூடாக இருந்தது. கப்பல் துறைமுகத்தை விட்டு வெளியே திரும்பும் நேரத்துக்குத் தளத்தில் போய் நின்றேன்.

மேட்டில் குடியிருப்பு தெரிந்தது. அந்தச் சுவரை வரைபடத்திலும் நேரிலும் அத்தனை நாள் பார்த்தவள் நான். ஆனாலும் அவர்கள் வீடு எதுவென்று எனக்குத் தெரியவில்லை. இதுவா, அதற்குப் பக்கத்ததா? எல்லாச் சதுரங்களும் ஒன்றுபோல இருந்தன. கண்ணைச் சுருக்கிக்கொண்டு தேடினேன். இடிக்கும் முன் இன்னொரு முறை பார்க்கப் போவதில்லை என்று தெரியும், அதனால் பதற்றமாக இருந்தது.

அப்போது மூன்றாவது மாடியில் ஏதோ அசைந்தது. பச்சை இல்லை. கத்தரிப்பூ நிறம். என்னைத் திட்டிவிட்டு ரொட்டி கொடுத்த அன்று சரஸ்வதி அம்மா உடுத்தியிருந்த சேலை.

செல்வம் வீட்டில்தான் இருக்கிறார். அந்த வீட்டு ஆளாக அன்றைக்குக் கடலில் இருந்தது நான் ஒருத்திதான்.